அங்கிட்டா, இங்கிட்டா? மடக்கிக்குச் சுருதி சேர்க்கப் புதிதாக வருபவர்களுக்கு

இந்த வருஷமும் கீழேயிருந்து ஏழு பேர் மடக்கி வேலை பழக வந்திருக்கிறார்கள். ஏழு பேருக்கும் தனித்தனியாக ஒன்றையே சொல்லிச் சொல்லித் தொண்டை கட்டிப்போயிற்று, பனி வேறு. அதனால் எழுதி வைக்கிறேன். படித்துவிட்டு வாருங்கள், மிச்சத்தைக் கையைப் பிடித்துக் காட்டுகிறேன்.

காலமடக்கி என்பது முழுப் பெயர். யாரும் அப்படிச் சொல்வதில்லை, மடக்கிதான். கொடைக்கானல் மலையில், பூம்பாறைக்கு மேலே எங்கள் ஊர்ப் பூண்டுக் கொட்டகையை ஒட்டி ஒன்று இருக்கிறது. பெரிதாக எதிர்பார்த்து வந்தால் ஏமாந்துபோவீர்கள். சுவரோடு சாய்த்துப் பதித்த ஆளுயரத் தம்புரா. அதன் பக்கத்தில் ஓர் ஊசல். ஊசலுக்கு மேலே பல்சக்கரம், அதன் விளிம்பில் செருகிய இறகுக் காம்புகள். தந்திகளை மீட்டுவது அவைதான். சக்கரத்தை இழுப்பது கயிற்றில் தொங்கும் ஒரு கல். உச்சியில் ஏற்றிவிட்டால் அது தரைக்கு வர இரண்டு நாள் ஆகும். சுவருக்கு அந்தப் பக்கம் உள்ளறை. அதற்கு ஒரு கதவு, ஒரு கண்ணாடிச் சன்னல். முடிந்தது.

இதை வைத்து என்ன செய்கிறோம் என்று கேட்டால் சிலருக்குச் சிரிப்பு வரும். பூண்டு காயவைக்கிறோம். மலைப்பூண்டைப் பிடுங்கியதும் மூட்டை கட்டிவிட முடியாது. தாளோடு முடிந்து, புகை காட்டி, கூரைக்கு அடியில் வாரக்கணக்காகத் தொங்கவிட வேண்டும். நடுவில் மழை பிடித்துக்கொண்டால் பூசணம் பிடிக்கும், இல்லையென்றால் முளைத்துக்கொள்ளும். மடக்கி இருந்தால் ஓர் இரவில் ஐம்பது நாள் காய்ச்சல் கிடைத்துவிடும். காலத்தை வளைக்கிற பொறி கையில் இருக்கும்போது போயும் போயும் பூண்டா என்று போன வருஷம் வந்த ஒரு பையன் கேட்டான். அவனுக்கு வாடகை கட்ட வேண்டிய நிலம் இல்லை.

இது ஏன் மலையில் மட்டும் ஓடுகிறது என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன், அடுத்த கேள்வி அதுதான். கடல் மட்டத்தைவிட உயரத்தில் காலம் கொஞ்சம் வேகமாக ஓடும். இது எங்கள் ஊர்க் கதையில்லை, பௌதிகம். கொடைக்கானல் சூரிய ஆய்வகம் 2343 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கே ஒரு வருஷத்துக்கு ஏறக்குறைய 8 மைக்ரோ வினாடி கூடுதலாக ஓடும். அந்தத் துளியைப் பிடித்துப் பெருக்குவதுதான் மடக்கியின் வேலை. மலையடிவாரத்து வத்தலக்குண்டில் ஒன்று கட்டிப் பார்த்தார்கள். தம்புரா நன்றாகக் கேட்டது, பூண்டு காயவில்லை.

வேடிக்கை என்னவென்றால், காலம் மலையில் வேகம், ஊசல் கடிகாரம் மலையில் மெதுவு. உயரம் போகப் போக புவியீர்ப்பு குறைவதால் ஊசல் சோம்பிவிடும். கீழே சரியாக ஓடிய ஊசல் இங்கே ஒரு நாளைக்கு இருபது முப்பது வினாடி பின்தங்கும். எதிரெதிராக இழுக்கும் இந்த இரண்டையும் முதல் நாளே மனதில் வாங்கிக்கொள்ளுங்கள்.

அலை

சுருதி சேர்ப்பதைப் பற்றிப் பாட்டு வகுப்பில் படித்ததில் பாதியை இங்கே மறக்க வேண்டியிருக்கும். தம்புராவின் நாலு தந்திகளில் நடுவில் இருக்கும் இரண்டுதான் சாரணையும் அனுசாரணையும். பாட்டு வகுப்பில் அவை ஒன்றோடொன்று கரைந்துவிட வேண்டும். மடக்கியில் அவை கரையவும் வேண்டும், பிறகு வேண்டுமென்றே விலகவும் வேண்டும்.

ஒரே சுருதிக்கு மிக அருகில் இருக்கும் இரண்டு தந்திகளைச் சேர்த்து மீட்டினால் ஒலி பெருத்தும் சிறுத்தும் வரும். ‘வோ… வோ… வோ…’ என்று. அதுதான் அலை. ஒரு தந்தி வினாடிக்கு 131 முறையும் மற்றது 134 முறையும் அதிர்ந்தால் வினாடிக்கு மூன்று அலை. வித்தியாசம் குறையக் குறைய அலை நீளும். இரண்டும் ஒன்றானால் அலை நின்றுவிடும்.

எங்கள் மடக்கியில் வினாடிக்கு ஓர் அலை என்றால் காலம் நூறு மடங்கு மடங்கும். இரண்டு அலைக்கு இருநூறு, மூன்றுக்கு முந்நூறு. பூண்டுக்கு மூன்று. விதைப்பூண்டு கொஞ்சம் கூடுதலாக உறங்க வேண்டும், அதற்கு நாலு. சட்டத்துக்கு மரம் உலர்த்த ஐந்து. ஏழுக்கு மேல் யாரும் போவதில்லை, காதால் எண்ண முடியாது.

இவ்வளவும் சுலபம். சிக்கல் அடுத்ததில் இருக்கிறது.

அனுசாரணை 134 ஆக இருந்தாலும் மூன்று அலைதான். 128 ஆக இருந்தாலும் மூன்று அலைதான். காதுக்கு இரண்டும் ஒன்றே. எவ்வளவு தேர்ந்த காதானாலும் அலையின் வேகத்தை மட்டும் வைத்து எந்தப் பக்கம் என்று சொல்ல முடியாது. ஆனால் மடக்கிக்குத் தெரியும். மேலே விலகினால் உள்ளறையில் காலம் ஓடும். கீழே விலகினால் உள்ளறையில் காலம் படுத்துவிடும். மேலே விலகியதை அங்கிட்டு என்போம், கீழே விலகியதை இங்கிட்டு என்போம். அலை கேட்டதும் பக்கத்தில் நிற்பவர் “அங்கிட்டா, இங்கிட்டா?” என்று கேட்க வேண்டும். சுருதி சேர்ப்பவர் சோதித்துவிட்டுத்தான் பதில் சொல்ல வேண்டும். இது சடங்குக்காகக் கேட்கிற கேள்வியில்லை.

இங்கிட்டு ஒன்றும் தீண்டத்தகாததும் இல்லை. பிளம்ஸ் காலத்தில் லாரி வரத் தாமதமானால் பழத்தை உள்ளே வைத்து மூன்று அலை இங்கிட்டு இறக்கிவிடுவோம். வெளியே நாலு மணி நேரம் போனால் பழத்துக்கு 48 வினாடிதான் போயிருக்கும். தெரிந்து இறங்கினால் நல்லது. தெரியாமல் இறங்கினால் என் கதைதான். அதைக் கீழே சொல்கிறேன்.

போவதற்கு முன்

வேலை யாமத்தில்தான். குறிஞ்சித் திணைக்குச் சிறுபொழுது யாமம் என்று பள்ளிக்கூடத்தில் படித்திருப்பீர்கள்: இரவு பத்து முதல் இரண்டு வரை, பத்து நாழிகை. பழைய கணக்கை நாங்கள் விடவில்லை. அதற்குக் காரணம் பக்தியில்லை, வசதி. ஒரு நாழிகை 24 நிமிடம். பத்து நாழிகையை முந்நூறால் பெருக்கினால் மூவாயிரம் நாழிகை, அதாவது சரியாக ஐம்பது நாள். அந்த நேரத்தில் ஊரும் அடங்கியிருக்கும், குக்கர் விசில் கேட்காது.

கம்பளிக் குல்லா, டார்ச், சாக்பீஸ், தேன்மெழுகு, தந்திக்கு அடியில் ஜீவாவாக வைக்கப் பருத்தி நூல். சுக்குக் காப்பி பிளாஸ்க்கில். கைபேசியை அணைத்துவிட்டு வாருங்கள். ஊசல் சரிபார்க்க ஒருவர் கைபேசி போதும். கொட்டகைக்குப் போகும் வழியில் டார்ச்சைத் தரையில் மட்டும் அடிக்காமல் புதரிலும் அடித்துப் பாருங்கள். காட்டுமாடு இருட்டில் பாறை மாதிரி நிற்கும். மூச்சு விட்டால்தான் தெரியும்.

தம்புரா அறைக் கதவை எட்டு மணிக்கே திறந்து வையுங்கள். வெளிக்குளிரும் உள்குளிரும் ஒன்றாக வேண்டும். குளிரில் எஃகுத் தந்தி சுருங்கி இறுகும், சுருதி ஏறும். குழல் வாத்தியமோ நேர் எதிர். குளிர்ந்த காற்றில் ஒலி மெதுவாகப் போவதால் சுருதி இறங்கும். பத்து டிகிரி குளிர்ந்தால் அரைச்சுரத்தில் மூன்றில் ஒரு பங்கு அளவுக்குக் குழல் இறங்கிவிடும். நம் 22 சுருதிக் கணக்கில் மிகச் சிறிய இடைவெளியான பிரமாண சுருதிக்கும் அது அதிகம். கீழே கச்சேரிக்காரர்கள் ஏசி அரங்கத்தில் படுகிற பாட்டை இங்கே கார்த்திகை முதல் மாசி வரை தினமும் படலாம்.

உள்ளறை

முதலில் உள்ளறையைப் பார்க்க வேண்டும். பூண்டு முடிச்சுகளுக்கு நடுவே காற்றுப் போக இடம் இருக்கிறதா, மூங்கில் கம்பு பாரம் தாங்குகிறதா. புகை போடுவதை மாலையிலேயே முடித்துவிடுங்கள். உள்ளே விளக்கும் வேண்டாம், கங்கும் வேண்டாம். ஐம்பது நாளைக்கு எண்ணெய் யார் ஊற்றுவது?

பிறகு கதவை மூன்று முறை தட்டி, “உள்ளே யாராச்சும் இருக்கீகளா?” என்று உரக்கக் கேட்க வேண்டும். புதிதாக வந்தவர்கள் இதற்கு வெட்கப்படுவார்கள். காலி அறை என்று கண்ணால் பார்த்த பிறகும் கேட்க வேண்டும். ஒரு முறை மூட்டைக்குப் பின்னால் பூனை குட்டி போட்டிருந்தது, குரலுக்குத்தான் வெளியே வந்தது. எலி உள்ளே மாட்டிய கதைகளும் உண்டு, சாப்பிட்டுவிட்டுப் படிப்பவர்கள் இருப்பீர்கள் என்பதால் விடுகிறேன்.

கடைசியாகக் கன்னல். பழைய தமிழில் கன்னல் என்றால் நீர்க்கடிகாரம். அடியில் ஊசித்துளை போட்ட செம்புக் கிண்ணம். தண்ணீர்த் தொட்டியில் மிதக்கவிட்டால் மெல்ல நிரம்பி ஒரு நாழிகையில் மூழ்கும். இரண்டு வேண்டும். ஒன்று நம் பக்கத்தில். மற்றது உள்ளறையில் சன்னலுக்கு நேராக, துளையை மெழுகால் அடைத்து. மெழுகில் ஒரு நூல் பதித்து அதைக் கதவிடுக்கு வழியாக வெளியே விட்டிருக்க வேண்டும். காலம் மடங்கியதும், அதாவது மடிப்பு விழுந்ததும், நூலை இழுத்தால் கிண்ணம் நிரம்ப ஆரம்பிக்கும். சன்னல் வழியே டார்ச் அடித்துப் பாருங்கள். மூன்று அலை அங்கிட்டு என்றால் உள்கிண்ணம் ஐந்து வினாடிக்குள் மூழ்கும். இங்கிட்டு என்றால் அசையாமல் நிற்கும்.

குறிஞ்சிச் செடியைத் தொட்டியோடு உள்ளே வைத்தால் சீக்கிரம் பூக்குமா என்று கேட்காதவர் இல்லை. நீலக்குறிஞ்சி பன்னிரண்டு வருஷத்துக்கு ஒரு முறை. 2006, 2018, அடுத்தது 2030. கணக்குப் போட்டால் 88 இரவு வேலை செய்தால் போதும் என்றுதான் வரும். வெயில் இல்லாத அறையில், தண்ணீர் ஊற்ற ஆள் இல்லாமல் எந்தச் செடி பன்னிரண்டு வருஷம் இருக்கும்? முதல் இரவிலேயே அழுகிவிட்டது. ஆமாம், நானும் செய்து பார்த்தேன்.

ஊசல்

அலையை எண்ண வினாடி வேண்டும். வினாடி கொடுப்பது ஊசல். தட்டுக்குத் தட்டு ஒரு வினாடி வர ஊசலின் நீளம் ஏறக்குறைய 99 சென்டிமீட்டர் இருக்கும். குண்டுக்கு அடியில் திருகு ஒன்று உண்டு. குண்டை ஒரு மில்லிமீட்டர் ஏற்றினால் ஒரு நாளைக்கு 44 வினாடி வேகம் கூடும். ஆகவே கீழேயிருந்து கொண்டுவந்த புது ஊசலுக்கு அரை மில்லிமீட்டரும் கொஞ்சமும் ஏற்றினால் மலைக்குச் சரியாகிவிடும். குளிரில் எஃகுக் கம்பி சுருங்குவதால் பத்து டிகிரிக்கு நாளொன்றுக்கு ஐந்து வினாடி அளவில் முந்தும். அதற்கெல்லாம் திருகில் கை வைக்காதீர்கள். நாலு மணி நேர வேலைக்கு அது ஒன்றுமில்லை.

ஊசலில் அவ்வளவுதான் விஷயம்.

ஒத்து ஊதுவது

சாரணைக்குச் சுருதி ஒத்திலிருந்து எடுக்கிறோம். ஒத்து என்பது நாகசுரத்தோடு ஆதாரசுருதி ஊதுகிற குழல்; அடிப்பக்கத் துளைகளை மெழுகால் கூட்டியும் குறைத்தும் அடைத்துச் சுருதியைத் திருத்தலாம். தேன்மெழுகு கொண்டுவரச் சொன்னது இதற்கும் சேர்த்துத்தான். எங்கள் மடக்கிக்குச் சுருதி ஒரு கட்டை. அக்கம்பக்கத்து மடக்கிகளும் ஒரு கட்டைதான். ஒரு வருஷம் மேலத்தெரு மடக்கிக்காரர்கள் அரைக் கட்டை ஏற்றி வைத்துக்கொண்டார்கள், ஏதோ கௌரவம். நடுவில் இருந்த வீடுகளில் பால் உறை போட்ட அரை மணியில் புளித்தது, அடுத்த வீட்டில் விடிந்தும் உறையவில்லை. பஞ்சாயத்து வைத்துத்தான் இறக்கினார்கள்.

இங்கே புதியவர்கள் செய்கிற தப்பு அவசரம். குளிர்ந்த ஒத்தை எடுத்து ஊதியதும் சுருதி பிடித்துவிடுவார்கள். அரை நாழிகை ஊதி, மூச்சுச் சூடு குழல் முழுக்க ஏறிய பிறகு பார்த்தால் சுருதி மேலே போயிருக்கும். சேர்த்த தந்தியெல்லாம் வீண். சீவாளியை வாயில் நனைத்துப் பதப்படுத்தி, சும்மா ஊதிக்கொண்டிருங்கள். மற்றவர்கள் சுக்குக் காப்பி குடிக்கட்டும்.

தந்திகள்

இதை நிதானமாகப் படியுங்கள்.

தந்தியை முறுக்கும் மரத் திருகாணிகள்தான் பிருடைகள். அவற்றுக்குப் பெரியப்பா திருநீறு பூசுவார். பனிக்காலத்தில் மரம் ஈரம் குடித்து உப்பி, பிருடை பிடித்துக்கொள்ளும். கோடையில் காய்ந்து வழுக்கும். வழுக்கினால் சாக்பீஸ் தூள். திருநீறும் அதே வேலையைச் செய்கிறது என்று நான் ஒரு முறை சொன்னேன். “செய்யுதுல்ல? அப்புறம் என்ன?” என்றார்.

சாரணையை ஒத்தோடு சேருங்கள். அலை முழுக்க நிற்க வேண்டும். பிறகு ஒத்தைக் கீழே வைத்துவிடலாம், அதற்கு இனி வேலையில்லை. மந்தரத்தைச் சாரணைக்குக் கீழ் ஸ்தாயியில் சேருங்கள். அது பித்தளைத் தந்தி, குளிருக்கு எஃகு மாதிரி நடந்துகொள்ளாது, இரவில் இரண்டு மூன்று முறை திருத்த வேண்டியிருக்கும். பஞ்சமத்தை மந்தரத்தோடு மூன்றுக்கு இரண்டு என்ற விகிதத்தில். பஞ்சமம் சரியாக இருந்தால் அறையே கொஞ்சம் சூடானது போலத் தோன்றும். அது தோற்றம்தான், வெப்பமானி வைத்துப் பார்த்தாகிவிட்டது.

இப்போது அனுசாரணை. அதற்கு முன் நான்கு தந்திகளிலிருந்தும் ஜீவா நூலை எடுத்துவிடுங்கள். ஏன் என்றால், தந்திகளைத் தாங்கும் குதிரையில் நூல் இருக்கும்போது மேற்சுரங்கள் பளபளவென்று எழும்பும். பாட்டுக்கு அதுதான் அழகு. நமக்கு அதுதான் வினை. அடிச்சுரத்தில் வினாடிக்கு மூன்று அலை என்றால் அதற்கு மேல் ஸ்தாயியில் எழும் மேற்சுரத்தில் ஆறு அலை இருக்கும், அதற்கும் மேலே ஒன்பது. நூல் இருந்தால் காது மேலே இருக்கும் பளபளப்பைத்தான் பிடிக்கும். அதில் மூன்று எண்ணிச் சேர்த்தால் அடியில் ஒன்றரைதான் இருக்கும். விடிந்து பார்த்தால் பூண்டு பாதி காய்ந்திருக்கும். வியாபாரி மூட்டையை அமுக்கிப் பார்த்துவிட்டு விலையில் கை வைப்பார். ஆகவே நூலை எடுங்கள். ஒலி மொட்டையாக, கட்டாந்தரை மாதிரி இருக்கும். அலை தெளிவாகக் கேட்கும்.

அனுசாரணையை முதலில் நன்றாகத் தளர்த்திவிட்டு, கீழேயிருந்து மேலே வாருங்கள். மேலேயிருந்து இறக்கிச் சேர்த்த தந்தி இரவில் நழுவும். இது எந்தத் தம்புராவுக்கும் பொருந்தும். வரும்போது அலை வேகமாக இருந்து, மெதுவாகி, நீண்டு, நிற்கும். நிற்கிற இடத்தைத் தவற விடாதீர்கள். அதுதான் வாசற்படி. அந்தப் படியில் நின்று பத்து மூச்சு விடுங்கள். அலை வரவில்லை என்றால் இன்னும் கொஞ்சம் ஏற்றுங்கள். மறுபடி அலை பிறக்கும், இப்போது பிறப்பது அங்கிட்டு அலை. குதிரைக்குக் கீழே தந்தியில் கோத்திருக்கும் மணியை நகர்த்தி நுணுக்கமாக ஏற்றலாம்.

எண்ணுவதற்குக் கைவிரல் வேண்டாம், வாய்ச்சொல் போதும். ஊசலின் ஒவ்வொரு தட்டுக்கும் ‘தகிட’ சொல்லுங்கள். த, கி, ட மூன்றும் மூன்று அலையில் உட்கார வேண்டும். விதைப்பூண்டு என்றால் ‘தகதிமி’. மரத்துக்கு ‘தகதகிட’. திஸ்ரமும் சதுஸ்ரமும் கண்டமும் கைக்குப் பழகிய தவில்காரப் பையன்கள் இந்த வேலையை ஒரு வாரத்தில் பிடித்துக்கொள்கிறார்கள். வாய்ப்பாட்டுக்காரர்களுக்கு ஒரு மாதம் ஆகிறது. காரணம், பாடுகிறவர்கள் தங்களையறியாமல் தந்தியோடு சேர்ந்து முனகிவிடுவார்கள். அலை குரலோடும் பிறக்கும். பிறகு எதை எண்ணுகிறோம் என்றே தெரியாது.

மூன்றும் உட்கார்ந்ததா? பக்கத்தில் நிற்பவர் கேட்பார்: “அங்கிட்டா, இங்கிட்டா?”

வாசற்படியைத் தாண்டி வந்தோமே, அங்கிட்டுதான் என்று நினைவிலிருந்து பதில் சொல்லாதீர்கள். குதிரைக்கும் மணிக்கும் நடுவில் அனுசாரணையை விரலால் மெல்ல அழுத்துங்கள். தந்தி இறுகிச் சுருதி ஒரு கணம் ஏறும். அப்போது அலை வேகமானால் அங்கிட்டு. மெதுவானால் இங்கிட்டு. இரண்டு முறை செய்யுங்கள். பிறகுதான் வாயைத் திறக்க வேண்டும்.

என் கதை

பழக வந்த இரண்டாம் வருஷம். பெரியப்பா திண்டுக்கல் போயிருந்தார். நான் தனியாக, அது முதல் தப்பு. கேள்வி கேட்க ஆள் இல்லை, நானே மனதுக்குள் கேட்டு நானே அங்கிட்டு என்று சொல்லிக்கொண்டேன். பிருடை ஒரு முறை வழுக்கியது, திரும்ப இழுத்து மூன்று அலை வந்ததும் நிறுத்தினேன். வாசற்படியைத் தாண்டவே இல்லை. கன்னல் போட சோம்பல்.

மடிப்பு விழுந்தது. ஒரு நாழிகை கழித்துச் சன்னலில் எட்டிப் பார்த்தால் பூண்டு வைத்த மாதிரியே இருக்கிறது. ஒரு தாள்கூட வாடவில்லை. மடிப்பு விழவில்லை போல என்று கதவைத் திறந்து உள்ளே போனேன்.

எட்டு நிமிடம் இருந்திருப்பேன். ஒரு முடிச்சை எடுத்து முகர்ந்து பார்த்தேன், இன்னொன்றைத் திருப்பிப் பார்த்தேன். வெளியே நாற்பது மணி நேரம் போயிருந்தது. வெளிச்சம் வந்து போய், மறுபடி வந்ததை யாரோ சுவிட்ச் போட்டு அணைக்கிறார்கள் என்று நினைத்தேன். அந்த நாற்பது மணிக்குள் ஊர்த் தேர் ஓடி நிலைக்கு வந்துவிட்டது. பூண்டை முகர்ந்தபடி நான் சிலையாக நிற்பதை ஊரே வரிசையில் வந்து சன்னல் வழியே பார்த்திருக்கிறது. பிள்ளைகள் கண்ணாடியில் மூக்கை அழுத்திப் பழிப்புக் காட்டியிருக்கிறார்கள். யாரும் தந்தியைத் தொடத் துணியவில்லை. பெரியப்பா வந்துதான் அனுசாரணையைத் தளர்த்தினார். நான் வெளியே வந்தபோது சன்னலடியில் யாரோ ஏற்றி வைத்த சூடம் எரிந்து கரியாகக் கிடந்தது. அம்மா முதுகில் நாலு வைத்தாள். பெரியப்பா ஒன்றும் சொல்லவில்லை. கன்னல் கிண்ணத்தை எடுத்து என் கையில் கொடுத்துவிட்டுக் காப்பி குடிக்கப் போனார்.

மடிப்பு

சோதனை முடிந்ததும் நாலு தந்திக்கும் ஜீவா நூலைத் திரும்பப் பிடியுங்கள். நூலை மயிரிழை முன்னும் பின்னும் நகர்த்த, ஒரு இடத்தில் தந்தி திடீரென்று வாய் திறந்து பேசும். நாலும் பேச வேண்டும். சக்கரத்தின் தடையை எடுத்துவிட்டால் இறகுகள் பஞ்சமம், சாரணை, அனுசாரணை, மந்தரம் என்று வரிசையாக மீட்ட ஆரம்பிக்கும். இதுவரை மடிப்பு விழாது. பாட்டு இறங்கினால்தான் விழும்.

பாடுவது குறிஞ்சி ராகம். சொல் வேண்டியதில்லை, ஆலாபனை போதும். குறிஞ்சியைத் தேர்ந்தது மலைக்குப் பொருத்தம் என்பதற்காக என்று பல பேர் நினைக்கிறார்கள். உண்மையான காரணம் வேறு. கீழ் நிஷாதத்திலிருந்து தைவதம் வரைதான் அதன் நடமாட்டம்; மேல் சட்ஜத்தைத் தொடவே தொடாது. மேல் சட்ஜம் என்றால் சுருதி இரட்டிப்பு. மடிப்பு விழுகிற நேரத்தில் அதைத் தொட்டால் மடிப்பும் இரட்டிக்கும். மூன்று அலைக்கு அறுநூறு மடங்கு. பூண்டு தூசாகிவிடும். குரல்வளம் இருக்கிறதே என்று சங்கராபரணத்தில் நுழைந்துவிடாதீர்கள். குரல் நன்றாக இல்லாதவர்களே இந்த வேலைக்கு மேல், நீட்ட மாட்டார்கள்.

ஊசல் தட்டும்போது சட்ஜத்தில் வந்து நில்லுங்கள். காது அடைத்துத் திறக்கும், வத்தலக்குண்டு மலைப்பாதையில் பஸ் ஏறும்போது அடைக்குமே, அதே மாதிரி. மடிப்பு விழுந்துவிட்டது. நூலை இழுங்கள், டார்ச் அடியுங்கள், கிண்ணம் மூழ்குகிறதா பாருங்கள். மூழ்கினால் வெளிக்கன்னலை மிதக்கவிடுங்கள். அது பத்து முறை மூழ்கும் வரை கதவைத் தொடக் கூடாது.

ஒவ்வொரு முறை மூழ்கும்போதும் அலையைச் சரிபாருங்கள். யாமம் ஏறக் குளிரும் ஏறும். சாரணை, அனுசாரணை இரண்டும் ஒரே எஃகு என்பதால் சேர்ந்தே நகரும், பெரிதாகப் பிசகாது. பிசகுவது மந்தரம். அதன் மணியை மட்டும் தொடுங்கள். ஓடுகிற மடக்கியில் அனுசாரணையின் பிருடையைத் திருகுவதைவிட அடுப்பில் கை வைக்கலாம். நடுவில் தூக்கம் வரும். இரண்டு பேராக இருக்கச் சொல்வது இதற்குத்தான்.

பத்தாவது கன்னல் மூழ்கியதும் அனுசாரணையை மெல்ல இறக்கி வாசற்படியில் நிறுத்துங்கள், அலை நிற்கட்டும். அதற்குக் கீழே ஒரு மயிரிழையும் போகாதீர்கள். பிறகு சக்கரத்துக்குத் தடை போடுங்கள். காது மறுபடி அடைத்துத் திறக்கும். உடனே கதவைத் திறந்துவிடாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டு திறங்கள். ஐம்பது நாள் அடைபட்ட பூண்டு வாசனை மொத்தமாக வெளியே வரும், கண் எரியும். ஒரு முடிச்சை உலுக்கிப் பாருங்கள். மேல்தோல் காகிதம் மாதிரி சலசலக்க வேண்டும், கழுத்து கெட்டியாக இருக்க வேண்டும்.

தந்திகளை அரைச்சுற்றுத் தளர்த்தி, துணி போர்த்துங்கள். கூலி பூண்டாகத்தான் வரும், காசாக எதிர்பார்க்காதீர்கள்.

வீட்டுக்குப் போகுமுன் நோட்டில் எழுத வேண்டும். தேதி, இரவின் குளிர், சரக்கு, எத்தனை அலை, எந்தப் பக்கம், கேட்டவர் யார், சொன்னவர் யார். பழைய நோட்டுகளும் அலமாரியில் இருக்கின்றன, புரட்டிப் பார்க்கலாம். என் பக்கத்தைத் தேடுவீர்கள் என்று தெரியும். பச்சை அட்டை நோட்டு, நடுவில் இருக்கிறது. அலை மூன்று என்று என் கையெழுத்து. எந்தப் பக்கம் என்ற கட்டத்தை நான் காலியாக விட்டிருந்தேன். அதில் பெரியப்பா பென்சிலால் எழுதியிருப்பார்: ‘இங்கிட்டு. தேர் போச்சு.’